வாசகர் கேட்டவை: பவர் மாட்யூலின் ஃபர்ம்வேரை மாற்றும்போது

சென்ற இதழில், தொழிற்சாலைகளின் மூலையில் ஓசையின்றி வேலை செய்யும் ரெக்டிஃபையர் (மாறுமின்சாரத்தை நேர்மின்சாரமாக்குவது), டிசி கன்வெர்ட்டர் (நேர்மின்சாரத்தின் வோல்டேஜை மாற்றுவது) போன்ற பவர் மாட்யூல்களின் பராமரிப்பைப் பற்றி எழுதியிருந்தேன். அதில் ஃபர்ம்வேர், அதாவது மாட்யூலை உள்ளிருந்து இயக்கும் நிரல், அதன் புதுப்பிப்பைப் பற்றி ஒரே ஒரு பத்திதான் இருந்தது. வந்த கடிதங்களில் பெரும்பாலானவை அந்த ஒரு பத்தியைப் பற்றியே கேட்டிருந்ததால், இந்த இதழின் பகுதியை முழுவதும் அதற்கே ஒதுக்குகிறேன். கேள்விகளைச் சுருக்கியிருக்கிறேன், நிறுவனப் பெயர்களை நீக்கியிருக்கிறேன்.

கேள்வி: ஐயா, எங்கள் கட்டுப்பாட்டு அறையில் நான்கு மாட்யூல்களும் ஈய-அமில பேட்டரி வரிசையும் கொண்ட 48 வோல்ட் ரெக்டிஃபையர் உள்ளது. இரண்டு மாதங்களுக்கு முன் நான்கு மாட்யூல்களுக்கும் புதிய ஃபர்ம்வேர் ஏற்றினோம். ஒவ்வொன்றுக்கும் 'வெற்றி' என்றே திரையில் வந்தது. மூன்று வாரம் கழித்து வெளி மின்சாரம் நின்றபோது, முன்பு இரண்டு மணி நேரம் தாங்கிய பேட்டரி சில நிமிடங்களிலேயே கைவிட்டுவிட்டது. மாட்யூல் விற்றவர் பேட்டரி பழுது என்கிறார். பேட்டரி விற்றவர் மாட்யூல் பழுது என்கிறார். யார் சொல்வது சரி?
— பராமரிப்பு டெக்னீஷன், பிறை, பினாங்கு

பதில்: இருவரிடமும் வாதிடுவதற்கு முன், ஒரு மல்டிமீட்டரை எடுத்துச் சென்று பேட்டரி வரிசையின் இரு முனைகளுக்கும் இடையிலுள்ள வோல்டேஜை அளந்து பாருங்கள். அங்கே 54 வோல்ட்டுக்குப் பதிலாக 48 வோல்ட்டை ஒட்டிய எண் தெரிந்தால், நடந்தது என்னவென்று ஏறத்தாழ உறுதியாகவே சொல்லிவிடலாம்.

48 வோல்ட் என்று நாம் அழைக்கும் ஈய-அமில வரிசையில் 24 செல்கள் இருக்கின்றன. சீல் செய்த செல் ஒன்றை எப்போதும் நிறைவாக வைத்திருக்க ஏறத்தாழ 2.25 வோல்ட் தேவை. 24 செல்களுக்கு அது 54 வோல்ட் ஆகிறது. ஃப்ளோட் வோல்டேஜ் என்று சொல்வது இதைத்தான். ரெக்டிஃபையரை நிறுவியவர் முதல் நாளிலேயே இந்த எண்ணை மாட்யூல்களில் எழுதி வைத்திருப்பார். ஆனால் மாட்யூல் தயாரிப்பாளரிடமிருந்து புறப்படும்போது அதில் இருந்த தொடக்க மதிப்பு வேறாக, சில வகைகளில் வெறும் 48.0 ஆகவே இருக்கக்கூடும். புதிய ஃபர்ம்வேர் ஏறிய வேளையில் செட்டிங்குகள் அந்தத் தொடக்க மதிப்புக்குத் திரும்பியிருந்தால், மாட்யூல் 48.0 வோல்ட்டைக் கொடுத்துக்கொண்டு, தன் கடமையைச் சரியாகச் செய்வதாகவே கணக்கில் வைத்துக்கொள்ளும். நிறைந்திருந்த பேட்டரியின் வோல்டேஜ் அதைவிட உயரமானது. ஆகவே சுமையை, அதாவது இதில் ஓடும் கருவிகளின் மின்தேவையை, பேட்டரியே தாங்கத் தொடங்கி, செல்லுக்கு 2 வோல்ட் என்ற நிலைக்கு இறங்கும்வரை தன்னிடமிருந்ததில் பெரும்பகுதியை இறைத்திருக்கும். அதன் பிறகே மாட்யூல் சுமையை ஏற்றிருக்கும். குறைவோல்டேஜ் எச்சரிக்கைக்கான எல்லையும் அதே நேரத்தில் தொடக்க மதிப்புக்குப் போயிருக்கும் என்பதால் எந்த அலாரமும் ஒலித்திருக்காது.

மூன்று வாரம் அப்படிப் பெரிதும் வெறுமையாகக் கிடந்த செல்களின் தகடுகளில் ஈய சல்பேட் கெட்டியாகப் படிந்துவிடும். எனவே பேட்டரி இன்று பழுது என்பது உண்மையாகவே இருக்கலாம். ஆனால் பழுதாக்கியது புதுப்பித்த அன்று யாரும் சரிபார்க்காமல் விட்ட ஓர் எண்.

இது எப்படி நேர்கிறது என்பதை ஒவ்வொரு டெக்னீஷனும் தெரிந்து வைத்திருக்க வேண்டும். மாட்யூலின் நினைவகத்தில் மூன்று வேறு வேறு சரக்குகள் இருக்கின்றன. முதலாவது, ஃபர்ம்வேர் என்னும் நிரல். இரண்டாவது, வோல்டேஜ், மின்னோட்ட எல்லை, அலாரம், தகவல்தொடர்பு முகவரி ஆகியவை அடங்கிய செட்டிங்குகள். மூன்றாவது, அந்த ஒரு மாட்யூலுக்கென்றே தயாரிப்பாளர் அளந்து எழுதிய அளவுத்திருத்த எண்கள். புதுப்பிப்பு முதலாவதை மட்டும் மாற்றுவதாகத்தான் எல்லோரும் நினைக்கிறோம். ஆனால் புதிய நிரல், செட்டிங்குகளைப் பழையதைவிட வேறு வரிசையில் அடுக்கி வைப்பதாக இருந்தால், தொடங்கியதும் பழைய அடுக்கைத் தன்னுடையதல்ல என்று ஒதுக்கிவிட்டுத் தொடக்க மதிப்புகளை எழுதிக்கொள்ளும். இது நிரலின் பிழையன்று. தவறாகப் படித்த எண்ணை வைத்து மின்னோட்டத்தை ஆள்வதைவிடத் தெரிந்த எண்ணுக்குத் திரும்புவது பாதுகாப்பானது என்று எண்ணியே அப்படி வடிவமைக்கிறார்கள்.

ஆகையால் புதுப்பிப்பதற்கு முன் எல்லாச் செட்டிங்குகளையும் ஒன்றுவிடாமல் படித்துத் தாளில் அச்சிட்டுக்கொள்ளுங்கள். முடிந்ததும் மறுபடி படித்து வரிக்கு வரி ஒப்பிடுங்கள். திருத்தி எழுதிய எண்களைச் சேமிக்கும் கட்டளையைத் தனியாகக் கொடுக்க வேண்டும் என்பதையும் மறந்துவிடாதீர்கள். பிஎம்பஸ் என்ற தகவல்தொடர்பு முறையில் பேசும் மாட்யூல்களில் எழுதிய எண் முதலில் தற்காலிக நினைவகத்தில்தான் நிற்கிறது. 'ஸ்டோர் யூசர் ஆல்' போன்ற சேமிப்புக் கட்டளை போனால்தான் அது நிலைக்கிறது. சேமிக்காமல் விட்டால், அன்று மாலை எல்லாம் சரியாகத் தெரியும்; அடுத்த முறை மின்சாரம் போய் வரும்போது பழைய கதை திரும்பும்.

இன்னொன்றும் பாருங்கள். வெப்பநிலைத் திருத்தம் என்ற செட்டிங்கும் கூடவே அழிந்திருக்கலாம். 25 டிகிரிக்கு மேல் ஏறும் ஒவ்வொரு டிகிரிக்கும் செல்லுக்கு ஏறத்தாழ 3 மில்லிவோல்ட் குறைப்பது ஈய-அமில பேட்டரிகளில் வழக்கம். 32 டிகிரியில் இருக்கும் ஓர் அறையில், 24 செல்களுக்கு அது அரை வோல்ட் ஆகிறது. நம் ஊர் வெக்கையில் அந்த அரை வோல்ட்டைக் குறைக்காமல் விட்டால் பேட்டரி மெல்ல மெல்ல வறண்டு போகும். இது முதல் கோளாற்றைவிட மெதுவாக வெளிப்படும் என்பதால் ஃபர்ம்வேரோடு யாரும் தொடர்புபடுத்துவதில்லை.

பேட்டரியைத் தூக்கி எறிய வேண்டாம். ஃப்ளோட் மதிப்பைச் சரிசெய்து, தயாரிப்பாளர் சொன்ன முறையில் முழுமையாகச் சார்ஜ் செய்து, ஒவ்வொரு செல்லையும் தனித்தனியாக அளந்து, பிறகு கொள்ளளவுச் சோதனை வையுங்கள். சில செல்கள் மீளக்கூடும், சில மீளாது. மின்தடையின்போது என்ன ஆகும் என்பதை மட்டும் அந்தச் சோதனை முடியும்வரை நம்பிக்கையில் விட்டுவிடாதீர்கள்.

கேள்வி: எங்களிடமும் அதேபோல் நான்கு மாட்யூல்கள், ஒவ்வொன்றும் 2 கிலோவாட். சுமை 5.4 கிலோவாட். உற்பத்தியை நிறுத்தாமல், ஓடிக்கொண்டிருக்கும்போதே ஃபர்ம்வேரை மாற்றிவிடும்படி மேலாளர் சொல்கிறார். செய்யலாமா?
— ஷிஃப்ட் சூப்பர்வைசர், பாயான் லெப்பாஸ்

பதில்: செய்யலாம். ஆனால் எந்தக் கணக்கின்மேல் நின்று செய்கிறீர்கள் என்பது உங்கள் மேலாளருக்கும் தெரிந்திருக்க வேண்டும்.

நான்கு மாட்யூல்களின் மொத்தத் திறன் 8 கிலோவாட். ஒன்றை நிறுத்தினால் மிஞ்சுவது 6 கிலோவாட். உங்கள் சுமை அதில் 90 விழுக்காட்டைப் பிடித்துக்கொள்கிறது. அந்த நேரத்தில் இன்னொரு மாட்யூல் டிரிப் ஆனால் 4 கிலோவாட்டே இருக்கும், குறையும் 1.4 கிலோவாட்டைப் பேட்டரிதான் தர வேண்டும். ஒன்று போனாலும் தாங்கும் என்று காசு கொடுத்து வாங்கிய உபரி, புதுப்பிக்கும் நேரம் முழுவதும் இல்லை என்பதே இதன் பொருள். ஆகவே முதல் வேலை பேட்டரி உயிரோடு இருக்கிறதா என்று பார்ப்பது. பிறை வாசகரின் நிலையில் இருக்கும் ஒருவர் இந்தத் துணிச்சலில் இறங்கக்கூடாது.

அடுத்ததாக, கையேட்டைத் திறந்து ஒரு செய்தியைத் தேடுங்கள்: புதுப்பிக்கும்போது மாட்யூலின் வெளியீடு (அது சுமைக்குத் தரும் மின்சாரம்) நிற்குமா, நிற்காதா? நினைவகம் ஒரே அறையாக இருக்கும் மாட்யூலில், பழைய நிரலை அழித்துவிட்டுத்தான் புதியதை எழுத முடியும். அந்த இடைவேளையில் மின்னோட்டத்தைக் கட்டுப்படுத்த ஆளில்லை என்பதால் வெளியீட்டை நிறுத்தியே ஆக வேண்டும். இரட்டை அறை உள்ள மாட்யூலில், பழைய நிரல் ஓடிக்கொண்டிருக்கும்போதே பக்கத்து அறையில் புதியது எழுதப்படும். ஆனால் பழையதிலிருந்து புதியதற்கு மாறும் கணத்தில் அதுவும் மறுதொடக்கம் செய்ய வேண்டும். அந்தக் கணத்தில் வெளியீடு அறுபடாது என்று கையேடு வெளிப்படையாக எழுதியிருந்தால் நம்புங்கள். எழுதாமல் விட்டிருந்தால், அறுபடும் என்றே வைத்துக்கொள்ளுங்கள். எப்படியானாலும், வேலையைத் தொடங்குவதற்கு முன் அந்த ஒரு மாட்யூலுக்கு ஆஃப் கட்டளை கொடுத்து, சுமை மற்ற மூன்றுக்கும் ஒழுங்காகப் போய்ச் சேர்ந்ததை அளந்து பார்த்த பிறகே கோப்பை அனுப்புங்கள்.

அளப்பதற்கும் உங்கள் எண்களே வசதியாக இருக்கின்றன. 54 வோல்ட்டில் 5.4 கிலோவாட் என்றால் 100 ஆம்பியர். நான்கு மாட்யூல்களும் நேர்மையாகப் பங்கிட்டால் ஒவ்வொன்றும் 25 ஆம்பியர். மூன்றாக இருக்கும்போது ஏறத்தாழ 33. முதல் மாட்யூலைப் புதுப்பித்து மறுபடி சேர்த்ததும் அரைமணி நேரமாவது காத்திருந்து பங்கைக் கவனியுங்கள். ஒன்று 31, மற்றொன்று 19 என்று பிரிந்து நின்றால், பழைய நிரலும் புதிய நிரலும் பங்கீட்டைப் பற்றி ஒன்றோடொன்று ஒத்துப்போகவில்லை. அங்கேயே நிறுத்திவிட்டுத் தயாரிப்பாளரிடம் கேளுங்கள். இணையாக ஓடும் மாட்யூல்கள் எல்லாம் ஒரே பதிப்பில் இருக்க வேண்டும் என்று பல தயாரிப்பாளர்கள் வலியுறுத்துவதற்குக் காரணம் இதுதான்.

நேரத்தையும் முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். 256 கிலோபைட் கோப்பு ஒன்றை 9600 பாட் (நொடிக்கு 9600 பிட்) வேகத்தில் மோட்பஸ் என்ற தகவல்தொடர்பு முறை வழியாக அனுப்பினால், ஒரு பைட்டுக்கு 11 பிட் வீதம், வெறும் தரவுக்கே ஐந்து நிமிடம் ஆகும். ஒவ்வொரு துண்டுக்கும் பதில் வரும் நேரமும் நினைவகத்தை அழிக்கும் நேரமும் சேர்ந்தால் அது இரட்டிப்பாகலாம். காத்திருந்து கவனிக்கும் நேரத்தையும் கூட்டினால், நான்கு மாட்யூல்களுக்கு அரை ஷிஃப்ட் கேளுங்கள். பத்து நிமிட வேலை என்று ஒப்புக்கொண்டவர்தான் மூன்றாவது மாட்யூலில் அவசரப்படுகிறார்.

நானே ஒருமுறை அப்படி அவசரப்பட்டேன். பல ஆண்டுகளுக்கு முன், பெருநிலப் பகுதியில் இருந்த ஓர் ஆலையில், ஏப்ரல் மாத மாலை ஒன்றில் இடி முழங்கிக்கொண்டிருந்தபோது, இன்னும் ஒன்றுதானே என்று மூன்றாவது மாட்யூலைத் தொடங்கினேன். மடிக்கணினியின் பேட்டரி பலவீனமானது என்பது எனக்குத் தெரியும். அடாப்டரில்தானே இருக்கிறது என்று சமாதானம் சொல்லிக்கொண்டேன். விளக்குகள் ஒரு நொடி மங்கின, மடிக்கணினி அணைந்தது. பாதி எழுதிய நிலையில் நின்ற அந்த மாட்யூல் கடல் கடந்து தயாரிப்பாளரிடம் போய்த் திரும்ப ஏழு வாரம் ஆயிற்று. உற்பத்தி நிற்கவில்லை என்பது மட்டுமே ஆறுதல். பருவமழைகளுக்கு இடைப்பட்ட ஏப்ரல், மே மாதங்களிலும் அக்டோபர், நவம்பரிலும் நம் கரையில் பிற்பகலுக்கு மேல் இடி மழை வழக்கம். அந்த மாதங்களில் இந்த வேலையைக் காலையில் வைத்துக்கொள்ளுங்கள். மடிக்கணினியின் பேட்டரியையும் அது தூங்கப்போகும் செட்டிங்கையும் முதலிலேயே பாருங்கள். மடிக்கணினியை மாட்யூலோடு இணைக்கும் ஆர்எஸ்-485 மாற்றி மின்தனிமை உள்ளதாக (இரு பக்கங்களுக்கும் நேரடி மின்தொடர்பு இல்லாததாக) இருக்கட்டும். மலிவானதில் பெரும்பாலும் அது இருப்பதில்லை.

கேள்வி: நான் தொழிற்பயிற்சி மாணவி. பாதியில் நின்று 'செத்துப்போன' மாட்யூலைத் திறந்து, புரோகிராமர் கருவியால் எழுப்பிவிடலாம் என்று உடன் வேலை செய்யும் ஓர் அண்ணன் சொல்கிறார். அது சாத்தியமா?
— புக்கிட் மெர்தாஜாம்

பதில்: தங்கையே, சாத்தியம்தான். ஆனால் நீங்கள் செய்ய வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். காரணத்தை முழுவதும் சொல்கிறேன்.

நிரல் குடியிருக்கும் ஃபிளாஷ் நினைவகம், தோஷிபாவில் பணியாற்றிய ஃபுஜியோ மசுவோகா 1984-இல் உலகுக்கு அறிவித்த கண்டுபிடிப்பு. அதில் ஓர் எழுத்தை மட்டும் திருத்த முடியாது. ஒரு முழுத் தொகுதியை ஒரே வீச்சில் அழித்து, எல்லாப் பிட்டுகளையும் 1 ஆக்கிவிட்டுத்தான் புதிதாக எழுத வேண்டும். அழித்ததற்கும் எழுதி முடித்ததற்கும் இடையில் மின்சாரம் போனால், அங்கே பழையதும் இல்லை, புதியதும் இல்லை. இதற்காகவே பூட்லோடர் என்னும் சிறு நிரலை, புதுப்பிப்பு எட்டாத தனி இடத்தில் வைக்கிறார்கள். மாட்யூல் விழித்ததும் முதலில் ஓடுவது அதுதான். முதன்மை நிரலின் சரிபார்ப்புத் தொகை (அதன் பைட்டுகளிலிருந்து கணக்கிட்டு வைத்த ஒப்பீட்டு எண்) பொருந்தவில்லை என்றால், வெளியீட்டைத் திறக்காமல், மறுபடி கோப்பு வருமா என்று காத்திருக்கும். ஆகவே 'செத்துப்போனது' என்று சொல்லப்படும் மாட்யூல் பல நேரங்களில் சாகவில்லை, காத்திருக்கிறது. இணைப்பைச் சரிபார்த்து, கையேட்டில் உள்ள மீட்பு முறைப்படி அதே கோப்பை மறுபடி அனுப்பினாலே எழுந்துவிடும். முதலில் முகவரியைப் பாருங்கள். பூட்லோடர் நிலையில் சில மாட்யூல்கள் தம் வழக்கமான முகவரியில் பதில் சொல்வதில்லை.

பூட்லோடரும் அழிந்திருந்தால்தான் உள்ளே போக வேண்டியிருக்கும். அங்கே இரண்டு ஆபத்துகள் உள்ளன.

ஒன்று உங்கள் உயிருக்கு. 230 வோல்ட்டில் ஓடும் மாட்யூலின் உள்ளே, மின்திறன் காரணியைச் சரிசெய்யும் பகுதியில் ஏறத்தாழ 400 வோல்ட் நேர்மின்சாரம் பெரிய கெப்பாசிட்டர்களில் நிற்கிறது. இணைப்பைப் பிடுங்கிய பிறகும் அது உடனே வடிந்துவிடுவதில்லை. கையேடு சொல்லும் நிமிடங்கள் காத்திருந்து, மீட்டரால் அளந்து உறுதிசெய்த பிறகே கை வைக்க வேண்டும். அதைவிட மறைவான அபாயம் ஒன்று உண்டு. வெளி மின்சாரம் நுழையும் முதன்மைப் பக்கத்தில் இருக்கும் கட்டுப்பாட்டுச் சில்லின் 'தரை', பல வடிவமைப்புகளில் உண்மையான பூமி இணைப்பு அன்று. அது அந்த உயர் வோல்டேஜின் எதிர்முனையோடு கட்டப்பட்டிருக்கும். மின்சாரம் இருக்கும்போது அங்கே புரோகிராமரைச் செருகினால், அந்த வோல்டேஜ் மடிக்கணினியின் உடலுக்கும் அதைத் தொடும் உங்கள் கைக்கும் வந்து சேரும்.

மற்றொன்று மாட்யூலுக்கு. புரோகிராமர் மென்பொருளில் 'முழுச் சில்லையும் அழி' என்ற தேர்வு எளிதில் கைக்கு எட்டும் இடத்தில் இருக்கிறது. அதை அழுத்தினால், நான் முன்பு சொன்ன மூன்றாவது சரக்கான அளவுத்திருத்த எண்களும் போய்விடலாம். நிரலைத் திரும்ப எழுதலாம். அந்த எண்களை எங்கிருந்து எழுதுவீர்கள்? அவை தயாரிப்பாளரின் சோதனை மேசையில் அந்த ஒரு மாட்யூலை அளந்து எழுதியவை. எண்கள் போன மாட்யூல் உயிரோடு எழும், திரையில் 54.0 என்று காட்டும், முனையில் 55 வோல்ட் கொடுத்துக்கொண்டிருக்கும். எழாத மாட்யூலைவிட இப்படி எழுந்த மாட்யூலுக்குத்தான் நான் அஞ்சுகிறேன்.

கேள்வி: எங்கள் மாட்யூல்கள் ஏறத்தாழ ஏழு வாரத்துக்கு ஒருமுறை கண்காணிப்புத் திரையில் இருந்து மறைந்துவிடுகின்றன, ஒரு ஞாயிற்றுக்கிழமை எல்லாவற்றையும் சேர்த்து அணைத்துப் போட்டால் திரும்புகின்றன. விற்பனையாளர் ஃபர்ம்வேரை மாற்றச் சொல்கிறார். மற்றபடி நன்றாக ஓடுவதை ஏன் தொட வேண்டும் என்று நான் நினைக்கிறேன்.
— பொறியாளர், பத்து காவான்

பதில்: நன்றாக ஓடுவதைத் தொடக்கூடாது என்ற உங்கள் எண்ணத்தை நான் மதிக்கிறேன். புதிய பதிப்போடு தயாரிப்பாளர் தரும் வெளியீட்டுக் குறிப்பில் 'புதிய துணைக்கருவிக்கு ஆதரவு' என்று மட்டும் இருந்தால், அந்தக் கருவி உங்களிடம் இல்லாதபோது தொட வேண்டியதில்லை. ஆனால் உங்கள் மாட்யூல் நன்றாக ஓடவில்லை. ஏழு வாரம் என்ற அந்தக் கால அளவே அதைச் சொல்கிறது.

மறைந்த நாட்களின் பதிவை எடுத்து, கடைசியாகத் தொடங்கிய நேரத்திலிருந்து எண்ணிப் பாருங்கள். இடைவெளி 49 நாளும் 17 மணி நேரமுமாக இருந்தால் காரணம் ஏறத்தாழ உறுதி. நேரத்தை மில்லிநொடிகளாக எண்ணும் 32 பிட் எண்ணி (கவுண்டர்) 4,294,967,295 வரை போய், பிறகு பூச்சியத்துக்குத் திரும்புகிறது. அந்தத் திரும்பல் சரியாக 49 நாள், 17 மணி, 2 நிமிடம், 47 நொடியில் நிகழும். திரும்பலை எதிர்பார்க்காமல் எழுதிய நிரல், 'கடைசியாகச் செய்தி வந்து எவ்வளவு நேரம் ஆயிற்று' என்ற கழித்தலைத் தவறாகச் செய்து, பேச்சை நிறுத்திவிடுகிறது.

இது எளிய பிழையாகத் தோன்றலாம். 2015-இல் அமெரிக்க விமானப் போக்குவரத்து நிர்வாகம் போயிங் 787 விமானங்களுக்கு ஓர் உத்தரவு பிறப்பித்தது. ஜெனரேட்டர் கட்டுப்பாட்டு அலகுகள் 248 நாட்கள் தொடர்ந்து மின்சாரத்தில் இருந்தால், உள்ளிருக்கும் எண்ணி நிரம்பி வழிந்து, அலகு செயலிழப்பு நிலைக்குப் போய்விடும் என்பது அதன் காரணம். நொடியின் நூறில் ஒரு பங்காக எண்ணினால், குறியுள்ள (ஒரு பிட்டைப் பிளஸ், மைனஸ் குறிக்கு ஒதுக்கிய) 32 பிட் எண்ணி நிரம்ப 248 நாளும் அரையும் ஆகும் என்பதை நீங்களே கணக்கிட்டுப் பார்க்கலாம். அந்த உத்தரவில் என் மனத்தைத் தைத்தது வேறொரு வரி: எல்லா அலகுகளும் ஒரே நேரத்தில் மின்சாரம் பெற்றிருந்தால், எல்லாமே ஒரே நேரத்தில் செயலிழக்கக்கூடும். நான்கு இருக்கிறது, ஒன்று போனால் மூன்று தாங்கும் என்ற நம்பிக்கை, நான்கிலும் ஒரே நிரல் ஒரே கணத்திலிருந்து எண்ணத் தொடங்கியிருந்தால் செல்லாது.

உங்கள் மாட்யூல்களில் இப்போது தகவல்தொடர்பு மட்டும்தான் போகிறது. அதே எண்ணியைப் பாதுகாப்புப் பகுதியும் பயன்படுத்துகிறதா என்பது தயாரிப்பாளருக்குத்தான் தெரியும். எழுத்தில் கேட்டுப் பெறுங்கள். புதுப்பிக்கும்வரை, ஒவ்வொரு மாட்யூலையும் வேறு வேறு வாரத்தில் அணைத்துப் போடுங்கள். எல்லாவற்றையும் ஒரே ஞாயிற்றுக்கிழமையில் அணைத்துப் போடும் இப்போதைய வழக்கத்தை உடனே விட்டுவிடுங்கள்.

கேள்வி: எங்கள் மாட்யூலுக்கான ஃபர்ம்வேர் கோப்பை, வேறு ஆலையில் வேலை செய்யும் நண்பர் வாட்ஸ்அப்பில் அனுப்பினார். மாடல் எண் ஒன்றுதான். ஏற்றலாமா?
— நிபோங் திபால்

பதில்: ஏற்ற வேண்டாம். உங்கள் நண்பரின் நல்லெண்ணத்தில் எனக்கு ஐயமில்லை.

மாடல் எண் ஒன்றாக இருந்தாலும் வன்பொருள் பதிப்பு வேறாக இருக்கலாம். 2020-க்குப் பிறகு சில்லுத் தட்டுப்பாடு நீடித்த ஆண்டுகளில், கிடைத்த சில்லைக் கொண்டு பலகையை மாற்றி வடிவமைத்த தயாரிப்பாளர்கள் பலர். வெளியே அதே பெட்டி, அதே பெயர். உள்ளே வேறு அளவீட்டுச் சுற்று. நல்ல பூட்லோடர் பொருந்தாத கோப்பை மறுத்துவிடும், எல்லாப் பூட்லோடரும் நல்லதன்று. பக்கவாட்டு ஸ்டிக்கரில் உள்ள பதிப்பு எழுத்தையும் தொடர் எண்ணையும் வெளியீட்டுக் குறிப்போடு ஒப்பிடாமல் எதையும் தொடங்கக்கூடாது.

கோப்பு வழியில் சிதைந்ததா, யாராவது மாற்றினார்களா என்பது அடுத்த கேள்வி. 1972-இல் பாயான் லெப்பாஸில் தன் ஆலையைத் தொடங்கி நம் பினாங்குத் தீவின் தலையெழுத்தையே மாற்றிய இன்டெல்லின் பெயரைத் தாங்கிய ஹெக்ஸ் வடிவக் கோப்புகள் இன்றும் ஃபர்ம்வேரை எடுத்துச் செல்லப் பயன்படுகின்றன. அதன் ஒவ்வொரு வரியின் இறுதியிலும் உள்ள சரிபார்ப்புத் தொகை வெறும் 8 பிட்தான். தற்செயலான சிதைவைக் கண்டுபிடிக்க அது உதவும். வேண்டுமென்றே மாற்றியவரை அது தடுக்காது, ஏனென்றால் மாற்றியவரே புதிய தொகையையும் எழுதிவிடலாம். தயாரிப்பாளர் வெளியிட்ட ஷா-256 கைரேகையோடு (முழுக் கோப்பிலிருந்தும் கணக்கிடும் 256 பிட் அடையாள எண்) ஒப்பிடுவது அதைவிட மேல். தயாரிப்பாளரின் மின்னணுக் கையொப்பத்தை மாட்யூலே சரிபார்ப்பது எல்லாவற்றிலும் மேல்.

இதை மிகையான அச்சம் என்று நினைக்காதீர்கள். 2015 டிசம்பர் 23 அன்று உக்ரைனில் மின் விநியோக நிறுவனங்களைத் தாக்கியவர்கள், துணைமின் நிலையங்களின் பிரேக்கர்களைத் திறந்ததோடு நிற்கவில்லை. அங்கிருந்த கருவிகளை நெட்வொர்க்கோடு இணைக்கும் சீரியல்-ஈதர்நெட் மாற்றிகளின் ஃபர்ம்வேரையும் பயனற்ற ஒன்றால் மேலெழுதிவிட்டார்கள். ஏறத்தாழ 2,25,000 வாடிக்கையாளர்கள் இருளில் இருந்தார்கள். பழுதான மாற்றிகளைத் தூரத்திலிருந்து எழுப்ப முடியாமல், ஊழியர்கள் நேரில் சென்று கையால் பிரேக்கர்களை மூட வேண்டியிருந்தது. அதே வகையான மாற்றி ஒன்று உங்கள் பேனலிலும் இருக்கக்கூடும். அதன் கடவுச்சொல் வாங்கிய நாளில் இருந்ததேதானா என்று இன்றே பாருங்கள். அலுவலகக் கணினிகள் இருக்கும் நெட்வொர்க்கிலிருந்து அதைப் பிரித்து வையுங்கள்.

கேள்வி: இது கணினி வேலை, எங்கள் பொறுப்பு என்கிறது ஐடி பிரிவு. பராமரிப்புப் பிரிவு ஒப்புக்கொள்ளவில்லை. யார் செய்ய வேண்டும்?
— ஜோர்ஜ்டவுன்

பதில்: கோப்பை வாங்குவதும், கைரேகையைச் சரிபார்ப்பதும், பழைய பதிப்பைப் பத்திரப்படுத்துவதும் ஐடி பிரிவின் வேலையாக இருக்கட்டும். மாட்யூலை நிறுத்துவதும், தொடங்குவதும், முனையில் வோல்டேஜை அளப்பதும் மின்சார வேலை. மலேசியாவின் 1994-ஆம் ஆண்டு மின்சார ஒழுங்குவிதிகள் மின்நிறுவல்களுக்குத் தகுதிபெற்ற ஆட்களை வேண்டுவது சும்மா அன்று. உங்கள் ஆலையின் சார்ஜ்மேன் (மின்நிறுவலுக்குப் பொறுப்பான, தகுதிச் சான்று பெற்றவர்) அறியாமல் எந்த மாட்யூலும் அணையக்கூடாது, எழவும் கூடாது. நிரல் மாறும்போது எந்த ஸ்குரூவும் கழற்றப்படுவதில்லை என்பதால் இது மின்சார வேலையாகத் தோன்றுவதில்லை. ஆனால் அதிக மின்னோட்டத்தை எந்த நொடியில் வெட்டுவது என்று முடிவெடுப்பது அந்த நிரல்தான்.

கேள்வி: ஸ்டோரில் மூன்று ஆண்டுகளாக இரண்டு உபரி மாட்யூல்கள் உள்ளன. அவற்றையும் புதுப்பிக்க வேண்டுமா?
— செபராங் ஜெயா

பதில்: கட்டாயம். இல்லாவிட்டால் ஓர் இரவு மூன்று மணிக்கு ஒன்று பழுதாகி, தூக்கக் கண்ணோடு வந்தவர் பழைய பதிப்பையும் பழைய செட்டிங்குகளையும் கொண்ட உபரியை, புதுப்பித்த மூன்றுக்கு நடுவே செருகிவிடுவார். மூன்று ஆண்டுகள் மின்சாரமே காணாத எலக்ட்ரோலிட்டிக் கெப்பாசிட்டர்களுக்கு முதலில் கையேடு சொல்லும் மறுபதப்படுத்தல் (வோல்டேஜை மெல்ல ஏற்றிப் பழக்குவது) தேவையா என்று பாருங்கள்; பிறகு ஃபர்ம்வேர்; பிறகு செட்டிங்குகள்; பிறகு சோதனைச் சுமையில் ஒரு மணி நேரம். வேலை முடிந்ததும் பதிப்பு எண்ணையும் தேதியையும் எழுதி மாட்யூலின் முகப்பில் ஒட்டுங்கள், அங்கிருக்கும் பழைய ஸ்டிக்கரைச் சுரண்டி எடுத்துவிட்டு.